நாலு மூட்டையும் சொச்சமும்

ஏழு மூட்டை உப்பு விழ வேண்டிய தொட்டியில் முலாம்காரர் நாலு மூட்டையும் சொச்சமும் கொட்டினார். கை தவறிக் கொட்டவில்லை. எண்ணி, தராசில் நிறுத்து, காகிதத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கொட்டினார். இருபத்திரண்டு வருடம் அந்தத் தொட்டியைக் கட்டி மேய்த்த மனிதர்; ஏழு என்று அவர் கைக்குத் தெரியும். தெரிந்தும் நாலோடு நிறுத்தினார் என்றால், அந்தக் காகிதத்தில் இருந்த கையெழுத்து அவர் மகளுடையது என்பதால்தான்.

நான் அவர்கள் வீட்டு மாடியில் குடியிருந்தேன். தெருமுனையில் எனக்கொரு ஜெராக்ஸ் கடை. பெண்டாட்டி பிள்ளை என்று எதுவும் இல்லாததால் கீழ்வீட்டுக்காரர்களின் நல்லது கெட்டதில் மூக்கை நுழைத்தே என் பாதி வாழ்க்கை ஓடிவிட்டது. அவர்களும் தடுத்ததில்லை. மாடிப்படி அவர்கள் சமையலறைக்குள்ளிருந்து ஏறுவதால் தடுக்கவும் முடியாது. அந்தப் பெண் என்னை மாடி மாமா என்பாள். அவள் அம்மா, கோபம் இல்லாத நாட்களில், அண்ணே என்பாள்.

மர மில்லுக்குப் பின்னால் நீளக் கொட்டகை ஒன்றில் இருந்தது முலாம் பட்டறை. தண்ணீர்க் குழாய்களும் கதவுப் பிடிகளும் வெறும் பித்தளையாகப் பெட்டி பெட்டியாக வந்து இறங்கும். பாலிஷ்காரர் அவற்றைச் சக்கரத்தில் பிடித்துத் தேய்த்துக் கொடுப்பார். ஐந்தாறு பெண்கள் வரிசையாக உட்கார்ந்து ஒவ்வொன்றையும் செம்புக் கம்பியால் கட்டிச் சட்டத்தில் தொங்கவிடுவார்கள். சட்டம் கழுவலுக்குப் போய், அமிலத்தில் முங்கி, கடைசியில் நிக்கல் தொட்டிக்கு வரும். அறுநூறு லிட்டர் பச்சைத் தண்ணீர், ஆவி பறக்க. மின்சாரம் கொடுத்தால் அதில் கரைந்திருக்கும் நிக்கல் பித்தளைமேல் படியும். எத்தனை கரண்ட், எத்தனை நிமிடம், எப்போது தூக்குவது, எல்லாம் முலாம்காரர் பாடு. வேறு யாரும் அந்தத் தொட்டியில் கை வைக்க மாட்டார்கள். அவர் சட்டையில் அமிலம் தின்ற ஓட்டைகள் இருக்கும். கால்சட்டை விளிம்பில் எந்த சோப்புக்கும் போகாத பச்சைக் கறை இருக்கும்.

அவர் மனைவி ரொட்டித் தொழிற்சாலையில் பொட்டலம் கட்டுகிறவள். உடைந்த ரொட்டிகளை வீட்டுக்குக் கொண்டுபோகலாம் என்று அங்கே ஒரு சலுகை. சாயங்காலம் இருவரும் வந்து சேர்ந்தால் வீட்டில் ஒரு பக்கம் அமில வாடை, ஒரு பக்கம் ரொட்டி வாடை. இரண்டுக்கும் நடுவில் உட்கார்ந்து அந்தப் பெண் படிப்பாள்.

அவளுக்கு அப்போது பதினேழு. பள்ளிக்கூடத்தில் கடைசி வருடம். எல்லாரும் எழுதும் பரீட்சைக்கு மேலே வேதியியலில் ஒரு சிறப்புப் பரீட்சை உண்டு. அதில் நல்ல மதிப்பெண் வாங்கினால் பல்கலைக்கழகத்தில் நேரே இடம். வருடத்துக்கு நாலைந்து பேர் துணிவார்கள். ஒருவர் தேறினாலே பெரிய விஷயம். பழைய கேள்வித்தாள்களை என் கடையில்தான் நகல் எடுப்பாள். மை பரவிப் பாழான தாள்களை அவளுக்கென்றே எடுத்து வைத்திருப்பேன், கணக்குப் போட்டுப் பார்க்க. அந்தக் கேள்விகளை நானும் வாசித்துப் பார்த்திருக்கிறேன். மனிதனை மனிதன் இப்படியா மடக்குவது என்று எரிச்சல்தான் வரும்.

அலமாரிக் கதவின் உட்பக்கத்தில் எட்டுப் பாடங்களின் தலைப்பை எழுதி ஒட்டியிருந்தாள். மோல் கணக்கு, பிணைப்பு, வாயுக்கள், வெப்பம், வேகம், சமநிலை, அமிலமும் காரமும், மின்வேதியியல். ஒரு பாடத்தைத் திருப்பிப் பார்த்து முடித்தால் அதற்கு நேரே ஒரு கோடு. மூன்று கோடு விழுந்தால் அந்தப் பாடம் முடிந்ததாகக் கணக்கு. மோல் கணக்குக்கு ஐந்து கோடு இருந்தது. அதில் அவளுக்கு அவ்வளவு நம்பிக்கை.

சாப்பாட்டுக்கு முன்னால் அரை மணி நேரம் அப்பாதான் கேள்வி கேட்பார். விரலை வைத்து எழுத்துக் கூட்டி வாசிப்பார்.

"எதிர்மின்வாயில் நடப்பது... ஆக்சிஜனேற்றமா, ஒடுக்கமா?"

"ஒடுக்கம்."

"அப்படின்னா?"

"எலக்ட்ரான வாங்கிக்கிறது. உங்க தொட்டில குழாய் தொங்குதே, அதான்ப்பா எதிர்மின்வாய். நிக்கல் அங்க வந்து எலக்ட்ரான வாங்கிக்கிட்டு உலோகமா உக்காந்துடுது."

"இத்தனை வருஷமா உக்காந்துக்கிட்டுத்தான் இருக்கு. வாங்கிக்கிட்டு உக்காருதுன்னு இப்பதான் தெரியுது."

"தெரிஞ்சு என்ன, நாளையிலேர்ந்து ரெண்டு சுத்து கூடுதலாவா உக்காரப் போகுது?" என்பாள் அம்மா அடுப்படியிலிருந்து. "தட்டை எடுத்து வைங்க ரெண்டு பேரும்."

அந்த அரை மணி நேரத்தில் முலாம்காரர் அவ்வளவு சந்தோஷமாக இருப்பார். தான் கண்ணை மூடிக்கொண்டு செய்யும் வேலைக்கெல்லாம் புத்தகத்தில் பெயர் இருக்கிறது, அந்தப் பெயரைத் தன் பெண் சொல்கிறாள் என்பதில் அவருக்கு அப்படி ஒரு பெருமை. மறுநாள் பட்டறையில் போய் அதையெல்லாம் பாலிஷ்காரரிடம் ஒப்பிப்பார்.

பரீட்சைக்கு இருபது நாள் இருக்கையில் தொட்டியைக் காலி செய்து கழுவிப் புதுக் கரைசல் போட வேண்டி வந்தது. முதலாளியம்மா உப்பு வாங்கும் கம்பெனியை மாற்றியிருந்தார். முன்பு கரைசலைச் சோதித்துச் சொல்லிவந்த லேப்காரர் வேறு ஊருக்குப் போய் வருடம் ஒன்றாகிவிட்டது. அந்த இடத்துக்கு ஆள் போடவில்லை. முலாம்காரர் புதுக் கம்பெனியின் துண்டுக் காகிதத்தை மடித்துப் பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தார். வெளியே நல்ல மழை. நான் குடையை விரித்துக் காயப்போட்டுவிட்டு அவர்கள் மேசையில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தேன்.

"கண்ணு, இதைக் கொஞ்சம் பாரேன். லிட்டருக்கு அறுபத்தாறு கிராம் நிக்கல் உலோகம் இருக்கணும்னு போட்டிருக்கான். உப்பு எத்தனைன்னு போடல. பழைய கம்பெனிக்காரன் நேரா உப்புக் கணக்கே குடுத்துடுவான்."

"உலோகத்துலேர்ந்து உப்புக்குக் கொண்டுவரணும், அவ்வளவுதானே? இது முதல் பாடம்ப்பா."

அவள் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். கேள்வித்தாளில் வருகிற தொட்டிகளையே கட்டி அழுதுகொண்டிருந்த பெண்ணுக்கு நிஜமான தொட்டி ஒன்று கிடைத்துவிட்டது. புத்தகத்தைத் திறந்து நிக்கல் சல்பேட்டின் வாய்பாட்டைப் பார்த்தாள். அணு எடைகளைக் கூட்டினாள். என் பாழான தாளின் பின்பக்கத்தில் விறுவிறுவென்று போட்டு அடியில் இரண்டு கோடு இழுத்தாள்.

"நூத்தி நாலு கிலோ. இருபத்தஞ்சு கிலோ மூட்டையில நாலு, மேல நாலு கிலோ சொச்சம்."

"நாலா?" என்றார். "நாங்க எப்பவும் ஏழு போடுவோம் கண்ணு."

"ஏழுன்னு யாருப்பா கணக்குப் போட்டது?"

"லேப்காரருக்கு முந்தி ஒருத்தர் இருந்தாரு. அவரோ, அவருக்கும் முந்தி யாரோ. போட்டுக்கிட்டே வர்றோம்."

"பாத்தீங்களா. அவங்க உப்பு எப்படி இருந்துச்சோ. இது வேற கம்பெனி."

"ஆமா, இது ரொம்பச் சுத்தம்னு முதலாளியம்மாகூடச் சொன்னாங்க." கொஞ்ச நேரம் காகிதத்தையே பார்த்தார். "எதுக்கும் இன்னொரு தடவை பாத்துடேன்."

அவள் முதலிலிருந்து போட்டாள். ஒரே வழியில் இரண்டு தடவை போனால் ஒரே இடத்துக்குத்தான் வந்து சேருவோம். நூற்று நாலு வந்தது.

"அடுப்புல இருக்குறதுக்கு உப்புப் போடத் தெரியாது. அறுநூறு லிட்டருக்கு உப்பு சொல்ல வந்துட்டா மகராசி," என்றாள் அம்மா.

"அம்மா, இது நாக்குக்குப் போடுற உப்பு இல்ல."

"எந்த உப்பா இருந்தா என்ன, ஒரு வாய் பாத்துட்டு இறக்கணும்."

எல்லாரும் சிரித்தோம். நானும்தான் சிரித்தேன்.

மறுநாள் நடந்ததைப் பாலிஷ்காரர் பிறகு எனக்குச் சொன்னார். நாலு மூட்டை கொட்டிக் கலக்கியதும் முலாம்காரர் தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டாராம். பச்சை இளசாக இருந்ததாம். என்னண்ணே, எலுமிச்சைச் சாறு மாதிரி இருக்கு என்று இவர் கேட்டதற்கு, பொண்ணு கணக்குப் போட்டுக் குடுத்திருக்கா என்றாராம். அதற்கு மேல் யார் என்ன பேச முடியும்? வாங்கிய எட்டில் மூன்று மூட்டை பிரிக்காமலே மிச்சம் என்று முதலாளியம்மாவுக்கும் சந்தோஷம்.

முதல் சட்டத்தைத் தூக்கியபோது குழாய்களின் முனைகள் கருகியிருந்தன. கரைசலில் நிக்கல் குறைவாக இருந்து கரண்ட் வழக்கம்போல் ஓடினால் அப்படித்தான் முனையில் கருகும். அது முலாம்காரருக்குத் தெரியாததா? தெரியும். ஆனால் காகிதம் சரியென்று முடிவு செய்துவிட்டார். காகிதம் சரியென்றால் கரண்ட்தான் அதிகம். ஆகவே கரண்டைக் குறைத்தார். கருகல் போயிற்று, குழாய் பளபளவென்று வந்தது. கரண்ட் குறைந்தால் அதே நேரத்தில் படிகிற கனமும் குறையும். நேரத்தைக் கூட்டலாம் என்றால் ஒரு புது மருத்துவமனைக்கு ஆயிரத்தெண்ணூறு குழாய் அனுப்ப வேண்டியிருந்தது, அவசரம். பளபளப்பை நம்பி அனுப்பிவிட்டார்கள்.

பன்னிரண்டாம் நாள் அத்தனையும் திரும்பி வந்தது. சோதித்துப் பார்த்ததில் வெங்காயத்தோல் கனம்கூட இல்லையாம். சிலவற்றில் பித்தளை மஞ்சளாகத் தெரிந்தது. ஏழுதான் சரி என்று முலாம்காரருக்கு அப்போதே புரிந்துவிட்டது.

முதலாளியம்மா எல்லாரையும் வைத்துக்கொண்டு கேட்டார். முலாம்காரர் முன்னால் வந்து, "கரண்டைக் கொறச்சு ஓட்டினேன்மா. நேரத்தைக் கூட்ட விட்டுப்போச்சு. என் தப்பு," என்றார். அதில் பொய் ஒன்றும் இல்லை. பாதிதான் சொன்னார், அவ்வளவுதான். தொட்டியைப் பற்றி வாயே திறக்கவில்லை. திறந்தால் நாலு மூட்டைக் கதை வரும், காகிதம் வரும், காகிதத்தில் இருப்பவள் வருவாள். அவளுக்குப் பரீட்சைக்கு எட்டு நாள் இருந்தது.

அன்றே தொட்டியை அவருக்குக் கீழே வேலை பார்த்த சின்ன ஆளிடம் கொடுத்துவிட்டார்கள். முலாம்காரரைக் கம்பி கட்டும் வரிசையில் உட்காரச் சொன்னார்கள்.

இதை அவர் மனைவி மாடிப்படியில் நின்று எனக்குச் சொன்னாள். கையில் துவைத்த துணி.

"பரீட்சை முடியற வரைக்கும் அவ காதுல விழக்கூடாதாம். சத்தியம் வாங்கிட்டாரு. நீங்களும் உளறி வைக்காதீங்கண்ணே."

"நான் எதுக்கு உளறப் போறேன்?"

"உங்களுக்கு வாய் நிக்காது, அதனால சொல்றேன்." துணியைப் பிழிந்தாள். "நான் ஒரு வாய் பாக்கச் சொன்னேன். விளையாட்டுக்குத்தான் சொன்னேன். ஆனா சொன்னேன்ல?"

அவள் கண் கலங்கியதை அன்றுதான் பார்த்தேன். பத்து வருடத்தில் ஒரு தடவை.

அதன் பிறகு அந்த வீட்டில் நடந்ததைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. முலாம்காரர் வழக்கம்போல் காலையில் போவார், வருவார், முகம் கழுவிக்கொண்டு கேள்வித்தாளுடன் உட்காருவார். விரல் நுனிகளில் கம்பி அறுத்த கோடுகள்.

"என்னப்பா விரல்ல?"

"கம்பி கட்டுற பொம்பளைங்க ரெண்டு பேர் வரல. ஒத்தாசைக்கு உக்காந்தேன்."

"உங்களுக்கு எதுக்கு அந்த வேலை? தொட்டியை யாரு பாக்குறா?"

"அது பாட்டுக்கு ஓடுது. நீ இதுக்குப் பதில் சொல்லு. சமநிலையில் உள்ள அமைப்பின்மேல் அழுத்தம் கூடினால்..."

பட்டறையிலோ தொட்டி அது பாட்டுக்கு ஓடவில்லை. சின்ன ஆள் கரண்டை வழக்கமான அளவுக்கு ஏற்றினான், முனை கருகியது. இறக்கினான், மெலிந்தது. அமிலத்தைப் பார்த்தான், சூட்டைப் பார்த்தான், வடிகட்டியைக் கழற்றி மாட்டினான். புது உப்பு சுத்தம், நாலு மூட்டை போதும் என்று எல்லாரும் நம்பியிருந்ததால் உப்பின்மேல் மட்டும் அவனுக்குச் சந்தேகம் வரவில்லை. கருகிய சட்டங்கள் திரும்ப வரிசைக்கு வரும், கம்பியை அவிழ்க்க. கருகிய குழாயைக் கையில் வாங்கி, காரணம் தெரிந்துகொண்டே, தலையைக் குனிந்து கம்பியை அவிழ்ப்பார் முலாம்காரர். மூன்று மூட்டை பத்தடி தூரத்தில் சுவரோரமாக அடுக்கியிருக்கும். நல்ல மனிதர்தான். ஆனால் அந்த ஐந்து நாள் அவர் செய்தது எனக்கு இன்றும் முழுசாகச் சம்மதம் இல்லை. அந்தச் சின்ன ஆளுக்கும் வீடு வாசல் இருக்கிறது.

பரீட்சைக்கு மூன்று நாள் முன்னால், மத்தியான நேரம், அவள் என் கடைக்கு வந்தாள். முந்தின நாள் எழுதிப் பார்த்த மாதிரித் தாளை விடைகளோடு ஒத்துப்பார்த்துக்கொண்டே நகலுக்கு நின்றாள். தப்பாகப் போன கணக்குகளை மட்டும் சிவப்பு மையில் ஒரு நோட்டில் எழுதி வைப்பது அவள் வழக்கம். அன்றும் எழுதத் தொடங்கினாள். பாதியில் பேனா நின்றது.

"என்ன, மை தீந்துடுச்சா?"

"மாடி மாமா, ஒரு தாள் குடுங்க."

கேள்வி ஏதோ ஒரு செம்பு உப்பைப் பற்றியது. அந்த உப்புகள் படிகமாகும்போது தண்ணீரையும் உள்ளே கட்டி வைத்துக்கொள்ளுமாம். பார்த்தால் கல் போல் உலர்ந்திருக்கும். நிறுத்தால் அந்தத் தண்ணீரும் சேர்ந்தே நிற்கும். படிக நீர் என்று பெயர். மூட்டையில் வரும் நிக்கல் சல்பேட்டும் அந்த ஜாதிதான். ஒவ்வொரு மூலக்கூறுக்கும் ஆறு தண்ணீர். நூறு கிலோ உப்பில் நாற்பத்தோரு கிலோ தண்ணீர். அவள் புத்தகத்தின் வாய்பாட்டை மட்டும் பார்த்துத் தண்ணீரைச் சேர்க்காமல் கணக்குப் போட்டிருந்தாள். மூட்டையைப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும், அதன்மேலேயே அச்சடித்திருந்தது. மூட்டையைப் பார்த்தவருக்கு அந்த எழுத்துக்கு அர்த்தம் தெரியாது. அர்த்தம் தெரிந்தவள் மூட்டையைப் பார்க்கவில்லை.

"நூத்தி எழுபத்தேழு," என்றாள். "ஏழு மூட்டை." பிறகு, "அப்பா கை விரலு," என்றாள்.

நோட்டை என் மேசையிலேயே போட்டுவிட்டு ஓடினாள். நான் கடையைச் சாத்திக்கொண்டு பின்னாலேயே போனேன்.

கொட்டகை வாசலில் போய் நின்றபோது அவர் இரண்டு பெண்களுக்கு நடுவில் பலகையில் உட்கார்ந்து கம்பியைப் பல்லால் கடித்து இழுத்துக்கொண்டிருந்தார். மகளைக் கண்டதும் கம்பியை வாயிலிருந்து எடுத்தார்.

"நீ எதுக்கு இங்க வந்த? போ, போய்ப் படி."

"தண்ணியைச் சேக்கலப்பா. தப்புப் பண்ணிட்டேன். ஏழுதான்."

"சரி. பரீட்சை முடியட்டும், பேசிக்கலாம்."

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

அவர் கம்பியை மறுபடி வாயில் வைத்துக்கொண்டார். அவள் திரும்பி நேரே முதலாளியம்மா அறைக்குள் போனாள். முலாம்காரர் எழுந்து ஓடி வருவதற்குள் எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள். தப்பு என்னோடது, அப்பா மேல ஒண்ணும் இல்ல, எனக்குப் பரீட்சைன்னுதான் தெரிஞ்சும் சொல்லாம இருக்காரு, மூணு மூட்டையும் போட்டா சரியாயிடும் என்று மூச்சு விடாமல் சொன்னாள்.

முதலாளியம்மா கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். கெட்ட மனுஷி என்று சொல்ல மாட்டேன்.

"கரண்டைக் கொறச்சேன்னு உங்கப்பா சொன்னப்ப, சரி, வயசாகுது, அசந்திருப்பாருன்னு நெனச்சேன். ரெண்டு மாசம் கழிச்சுத் தொட்டியைத் திருப்பிக் குடுத்துடலாம்னுதான் இருந்தேன்மா. நீ இப்ப சொல்றது வேற. தொட்டியில என்ன கோளாறுன்னு தெரிஞ்சு அஞ்சு நாளா இவரு இங்க உக்காந்திருக்காரு. அந்தப் பையன் ராப்பகலா மண்டையை உடைச்சுக்கிறான். ஒரு வார்த்தை சொல்லல."

"புள்ளைக்குப் பரீட்சைம்மா," என்றார் முலாம்காரர் வாசலில் நின்றபடி.

"புரியுது. புரிஞ்சு நான் என்ன செய்ய? கை தப்பினா பொறுத்துக்கலாம். தெரிஞ்சதை மறைக்கிற ஆளுகிட்ட தொட்டியை எப்படிக் குடுப்பேன்? இனிமே அந்தப் பக்கம் வேண்டாம். கம்பி வேலை இருக்கிற வரைக்கும் இருங்க."

"எழுபத்திமூணு கிலோ இன்னும் போட்டா..." என்று தொடங்கினாள் அந்தப் பெண்.

"உன் கணக்கை நம்பித்தானேம்மா இங்க வந்து நிக்கிறோம்? வெளி லேப்ல குடுத்துப் பாத்துட்டு முடிவு பண்றேன். நீ வீட்டுக்குப் போ."

உண்மையைச் சொல்லி அப்பாவை மீட்டுவிடலாம் என்று நினைத்து வந்தவள், அவருக்குத் திறந்திருந்த ஒரு கதவையும் சாத்திவிட்டு வெளியே வந்தாள். மூவரும் மழையில் நனைந்துகொண்டே நடந்தோம்.

வீட்டில் அலமாரிக் கதவில் இருந்த பட்டியலைக் கிழித்துப் போட்டாள். "நான் எழுதப் போறதில்ல."

"எழுதாம?" என்றாள் அம்மா. "அந்த மனுஷன் வாயைக் கட்டி வச்சுக்கிட்டு இருந்தது எதுக்கு? நீ மூலையில உக்காந்து மூக்கைச் சிந்தவா? எழுந்திரு."

"அஞ்சு கோடு போட்ட பாடம்மா. அதுலயே தப்புப் பண்ணிருக்கேன்."

"தப்புப் பண்ணினா எழுதக் கூடாதுன்னா இந்த வீட்டுல யாரும் பேனாவே எடுக்க முடியாது."

ரொட்டியும் சூப்பும் மேசையில் ஆறிக்கொண்டிருந்தன. பிறகு அவள் அப்பாவைப் பார்த்துக் கேட்டாள்.

"ஏழுன்னு உங்களுக்குத் தெரியும். அப்புறம் ஏம்ப்பா நாலு போட்டீங்க?"

"நீ சொன்னியே."

"நான் சொன்னா? நீங்க இருபத்திரண்டு வருஷமா போடுறீங்க."

"எனக்கு ஏழுன்னு தெரியும். ஏன் ஏழுன்னு தெரியாது. உனக்கு ஏன்னு தெரிஞ்சிருந்துச்சு. ஏன்னு தெரிஞ்சவங்க சொல்றதுதான் சரியா இருக்கும்னு நெனச்சேன்." ஆறிப்போன சூப்பைத் தள்ளி வைத்தார். "அதுவும் இல்லாம, மறுபடி மறுபடி ஏழு ஏழுன்னு நின்னா, அப்பாவுக்கு ஒண்ணும் தெரியாது, சொன்னாலும் ஏறாதுன்னு நீ நெனச்சுடுவியோன்னு இருந்துச்சு. வெக்கமா இருந்துச்சு கண்ணு."

அவள் மேசைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். அவர் எழுந்துபோய்க் கிழிந்த பட்டியலைப் பொறுக்கி எடுத்து, துண்டுகளைப் பொருத்தி, ரொட்டிப் பொட்டலத்து ஒட்டுத்தாளால் ஒட்டிக் கதவில் திரும்ப மாட்டினார். பிறகு கேள்வித்தாளை எடுத்து வந்து உட்கார்ந்தார். அன்று அவர் கேட்ட எந்தக் கேள்விக்கும் அவள் பதில் சொல்லவில்லை. மறுநாள் ஒன்றிரண்டுக்குச் சொன்னாள். அதற்கு மறுநாள் எல்லாவற்றுக்கும் சொன்னாள், தணிந்த குரலில், ஒவ்வொரு விடையையும் இரண்டு வழியில் போட்டுப் பார்த்துவிட்டு.

பரீட்சையன்று காலை ஏழரைக்குப் பாலிஷ்காரர் வந்து கதவைத் தட்டினார். அவர் குடையிலிருந்து சமையலறை முழுக்கத் தண்ணீர் சொட்டியது.

"அண்ணே, முதலாளியம்மா அனுப்பினாங்க. வெளி லேப்காரன் இன்னும் ஒரு வாரம் ஆகும்ங்கிறான். குழாய் குடுத்த கம்பெனிக்காரன் போன்மேல போன் போடுறான். தொட்டிக்கு எவ்வளவு உப்புச் சேக்கணும்னு உங்க வாயால ஒரு அளவு சொல்லிட்டா போட்டுடச் சொன்னாங்க."

முலாம்காரர் டீ கிளாஸைக் கீழே வைத்தார். "எனக்குத் தெரியாதுப்பா. கருவி வச்சிருக்கிறவன் சொல்லட்டும்."

"உங்களுக்குத் தெரியாம யாருக்குத் தெரியும்?"

"தெரியலைன்னா விடேன்."

அவர் பொய் சொல்லவில்லை என்று எனக்குப் பட்டது. ஒரு தடவை தன் கையைத் தானே நம்பாமல் விட்டவர். இப்போது அது என்ன சொன்னாலும் அவருக்குச் சந்தேகம்தான். பரீட்சைக்குக் கிளம்பி நின்ற பெண் பையைக் கீழே வைத்தாள். சிவப்பு மை நோட்டை எடுத்துத் திறந்து, பக்கத்தை உள்ளங்கையால் மூடிக்கொண்டாள்.

"நான் மறுபடி போட்டு வச்சிருக்கேன்ப்பா. காட்ட மாட்டேன். நீங்க முதல்ல சொல்லுங்க."

"எதுக்கு கண்ணு? உனக்கு நேரமாகுது."

"சொல்லுங்க. சொன்னாத்தான் போவேன்."

அடுப்படியிலிருந்து அம்மா வந்து நின்றாள். முலாம்காரர் தன் இரண்டு கைகளையும் மேசைமேல் விரித்து அவற்றையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"மூணு மூட்டை," என்றார் கடைசியில். "முழுசா மூணு."

அவள் கையை எடுத்தாள். எழுபத்திமூன்று கிலோ என்று எழுதியிருந்தது. மூன்று மூட்டைக்கு இரண்டு கிலோ குறைவு. அவள் முகம் வாடியது.

"ரெண்டு கிலோ இடிக்குதே."

"எப்பப் போட்ட கணக்கு இது? தொட்டி போட்ட அன்னிக்கி இருந்த தண்ணிக்கா?"

"ஆமா."

"அதுக்கப்புறம் நாலாயிரம் சாமான் முங்கி எழுந்திருக்கு. ஒவ்வொண்ணும் மேல ஒட்டிக்கிட்டுக் கொஞ்சம் எடுத்துக்கிட்டுப் போகும். அந்த ரெண்டு கிலோ கழுவுற தண்ணியில போயிருக்கும்."

அவள் நோட்டைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள். எழுபத்திமூன்றை அடித்துவிட்டுப் பக்கத்தில் எழுபத்தைந்து என்று எழுதினாள்.

"அப்ப மூணு," என்று பாலிஷ்காரர் குடையை எடுத்தார். "யார் சொன்னதுன்னு சொல்லட்டும்ணே?"

"அப்பா சொன்னதுன்னு சொல்லுங்க," என்றாள் அவள்.

"இல்ல. பொண்ணு கணக்குப் போட்டா, நான் சரி பாத்தேன். அப்படியே போய்ச் சொல்லு," என்றார் முலாம்காரர். அத்தனை நாளும் அழாத மனிதர் எங்கள் எல்லார் முன்னாலும், மேசையில் விரித்த கைகளை எடுக்கக்கூடத் தோன்றாமல், உட்கார்ந்து அழுதார். பெண் அவர் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அம்மாதான் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு இருவரையும் அதட்டிக் கிளப்பினாள்.

மூன்று மூட்டையையும் தொட்டியில் கொட்டியது அந்தச் சின்ன ஆள். மத்தியானம் பன்னிரண்டு மணிக்கு முதல் சட்டத்தைத் தூக்கினான். ஈரம் சொட்டச் சொட்ட ஒரு குழாயைக் கழற்றி எடுத்துக்கொண்டு, முதலாளியம்மாவிடம் காட்டுவதற்கு முன்னால், நேரே கம்பி கட்டும் வரிசைக்கு வந்தானாம். முலாம்காரர் அதை வாங்கி முனையைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார். சரி என்று திருப்பிக் கொடுத்துவிட்டு அடுத்த கம்பியை எடுத்தார். அவள் பரீட்சை முடிய இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது.